கோசியின் மணலை எங்கே வைப்பது? நான்கு வெள்ளத் தடுப்பு வழிகளின் ஒப்பீடு

2024 செப்டம்பர் இறுதியில் நேபாள மலைகளில் பெய்த பெருமழையால், அங்கிருந்து பீகாருக்குள் வரும் கோசி ஆற்றின் குறுக்கே, எல்லையில் பீம்நகரை ஒட்டி நிற்கும் கதவணையின் 56 கதவுகளும் திறந்துவிடப்பட்டு, வினாடிக்கு 6.61 லட்சம் கன அடி நீர் பீகாருக்குள் இறங்கியது. 1968-க்குப் பிறகு அந்த ஆற்றில் அவ்வளவு நீர் வந்ததில்லை. 29-ஆம் தேதி இரவு தர்பங்கா மாவட்டத்தின் கிரத்பூர் வட்டாரத்தில், வெள்ளத்தைத் தடுக்க ஆற்றின் மேற்கே எழுப்பியிருந்த மண்கரை உடைந்தது. அடுத்து என்ன செய்வது என்ற கேள்விக்கு அரசு அலுவலகங்களிலும் ஊர்க் கூட்டங்களிலும் வழக்கமாக வரும் பதில்கள் நான்கு. கரைகளை இன்னும் உயர்த்திப் பலப்படுத்தலாம். நேபாள மலைக்குள் ஒரு பேரணை கட்டலாம். வெள்ளத்தின் ஒரு பகுதியைப் பழைய ஆற்றுத் தடங்களில் பிரித்துவிடலாம். வெள்ளம் வரத்தான் போகிறது என்று ஏற்றுக்கொண்டு வீடு, வயல், வடிகால் ஆகியவற்றை அதற்கேற்ப அமைக்கலாம். இவற்றில் எதுவும் புதிய யோசனை அன்று. எதை எப்போது தேர்ந்தோம், எதைத் தள்ளிவைத்தோம், அதனால் என்ன ஆயிற்று என்பதற்கு எழுபது ஆண்டுச் சான்று நம்மிடம் இருக்கிறது.

வெள்ளத் தடுப்புத் திட்டங்களை ஒப்பிடுபவர்கள் பெரும்பாலும் எவ்வளவு நீரைத் தாங்கும், எவ்வளவு செலவாகும் என்ற இரண்டு கேள்விகளோடு நின்றுவிடுகிறார்கள். கோசியைப் பொறுத்தவரை அவை இரண்டாம் நிலைக் கேள்விகளே. எவரெஸ்ட்டும் கஞ்சன்ஜங்காவும் அடங்கிய நீர்ப்பிடிப்புப் பகுதியிலிருந்து வரும் சுன் கோசி, அருண், தமூர் ஆகிய மூன்று கிளைகளும் நேபாளத்தின் திரிவேணியில் ஒன்றுசேர்ந்து, சத்ரா என்னும் இடத்தில் மலையை விட்டு வெளியேறும்போது, ஆண்டொன்றுக்குச் சுமார் 10 கோடி டன் மணலையும் வண்டலையும் சுமந்து வருகின்றன. அதுவரை செங்குத்தாக இறங்கிய ஆறு திடீரெனச் சமவெளியில் படரும்போது அந்தச் சுமையை இழுத்துச்செல்லும் வலுவை இழக்கிறது. கங்கையுடன் சேர்வதற்குச் சற்று முன், பல்தாராவில் அளந்தால், சத்ராவைக் கடந்த சுமையில் பாதிகூட அங்கு வந்து சேர்வதில்லை. மீதியெல்லாம் வழியில் தங்குகிறது. தன் தடத்தைத் தானே தூர்த்துக்கொள்ளும் ஆறு பள்ளமான பக்கத்தைத் தேடி நகரும் என்பதால், 18-ஆம் நூற்றாண்டில் பூர்ணியாவை ஒட்டி ஓடிய கோசி, இருநூற்றுச் சொச்சம் ஆண்டுகளில் ஏறத்தாழ 120 கி.மீ. மேற்கே வந்துவிட்டது. ஆகவே இங்கே முன்வைக்கப்படும் எந்த வழியையும், அது மணலை எங்கே கொண்டுபோய் வைக்கிறது, அந்த இடத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்று கேட்டே எடைபோட வேண்டும்.

இப்போது நடைமுறையில் இருக்கும் வழி கரைகள்தான் என்பதால், அதை விரிவாகப் பார்ப்பது நியாயம். கோசியின் இருபுறமும் தொடர் கரை எழுப்பலாமா என்ற ஆலோசனை ஆங்கிலேயர் காலத்திலேயே எழுந்து, 1897-இல் கல்கத்தாவில் நடந்த கூட்டத்தில் பேசப்பட்டு, துணிந்து இறங்க எவரும் முன்வராமல் நின்றுபோயிற்று. 1937 நவம்பரில் பாட்னாவில் கூடிய வெள்ள மாநாட்டில், பீகாரின் தலைமைப் பொறியாளராக இருந்த கேப்டன் ஹால், கரைகள் வெள்ளத்தைத் தடுப்பதில்லை, அவற்றால் தொல்லை பிற்காலத்துக்குத் தள்ளிவைக்கப்படுகிறது என்ற நிலைப்பாட்டில் உறுதியாக நின்றார். 1953-ஆம் ஆண்டின் வெள்ளத்துக்குப் பிறகு அரசியல் காற்று மாறியது. ஏதாவது செய்தாக வேண்டிய நெருக்கடியில் இருந்த மத்திய அரசு, 1954 மே மாதத்தில் கன்வர் சேன், கே.எல். ராவ் ஆகிய இரு பொறியாளர்களைச் சீனாவின் மஞ்சள் ஆற்றைப் பார்த்துவர அனுப்பியது. அவர்கள் அங்குள்ள கரைகளைச் சாதகமாகவே மதிப்பிட்டுத் திரும்பினார்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தில் பொறியியல் பயின்ற கே.எல். ராவ் பிற்காலத்தில் மத்திய நீர்ப்பாசன அமைச்சராகவும் ஆனார்.

அவர்கள் கண்டுவந்த அந்த ஆற்றின் சரித்திரமே கரைகளுக்கு எதிரான வலுவான சாட்சியம் என்பதுதான் வேடிக்கை. 1855-இல் மஞ்சள் ஆறு கரையை உடைத்துக்கொண்டு, தெற்கே போய்க்கொண்டிருந்த தன் முகத்துவாரத்தையே ஷாண்டோங் தீபகற்பத்தின் வடக்கே மாற்றிக்கொண்டது. 1887-இல் ஜெங்ஜோ அருகே உடைத்துக்கொண்டபோது பல லட்சம் பேர் மாண்டார்கள். கி.மு. முதல் நூற்றாண்டின் இறுதியிலேயே ஹான் அரசவையில் ஜியா ராங் என்ற அதிகாரி மூன்று வழிகளைத் தரம் பிரித்து வைத்திருந்தார். ஆற்றின் பாதையிலிருந்து மக்களை அகற்றி அதற்கு இடம்விடுவது தலையாயது, வாய்க்கால்களில் பிரித்துவிடுவது இடைப்பட்டது, பழைய கரையையே திரும்பத் திரும்பச் செப்பனிட்டுக்கொண்டிருப்பது கடைப்பட்டது என்பது அவர் கணக்கு. கரைகளின் பக்கத்திலும் ஒரு தர்க்கம் இருக்கிறது, அதை மறைக்கக் கூடாது. 16-ஆம் நூற்றாண்டில் பான் ஜிஷுன் என்ற மிங் கால அதிகாரி, ஆற்றை இறுக்கிப் பிடித்தால் அதன் வேகம் கூடி, தன் படுகை மணலைத் தானே அரித்துக்கொண்டு போய்விடும் என்று வாதிட்டு, அதன்படி கரைகளைக் கட்டியும் காட்டினார். கோசிக்கு அந்தத் தர்க்கம் பொருந்துவதாக இல்லை. இங்கே இரு கரைகளுக்கும் இடையே சில இடங்களில் 10 கி.மீ.க்கும் மேல் அகலம் விடப்பட்டிருக்கிறது. அந்த அகலத்துக்குள் ஆறு இப்பக்கமும் அப்பக்கமும் அலைந்து மணலைப் பரப்புகிறதே தவிர அரித்துச் செல்வதில்லை. கரையை நெருக்கிக் கட்டினால் அலைவது குறையும், ஆனால் பெருவெள்ளம் கொள்ளாது. இந்த முரணுக்குக் கரை என்ற வழிக்குள் விடை இல்லை.

1955 ஜனவரியில் நிர்மலி அருகே வேலை தொடங்கியபோது, 'ஆதி ரொட்டி காயேங்கே, கோசி பாந்த் பனாயேங்கே' என்று முழக்கமிட்டுக்கொண்டு ஊர் ஊராக மக்கள் மண்வெட்டியோடு வந்தார்கள். பாதி ரொட்டி தின்றாவது கரை கட்டுவோம் என்ற அந்த உற்சாகத்தைக் குறைத்து மதிப்பிடுவது சரியாகாது. 1950-களின் முடிவுக்குள் கிழக்கே பீர்பூரிலிருந்து கோபரியா வரை 125 கி.மீ., மேற்கே பார்தாவிலிருந்து கோங்கேபூர் வரை 101 கி.மீ. கரை எழுந்தது. கதவணையும் அதிலிருந்து கிழக்கே பிரியும் பாசனக் கால்வாயும் பின்னால் வந்தன. ஆறு மேற்கே நகர்வது நின்றது; அரை நூற்றாண்டுக் காலம் சுபௌல், மதேபுரா, பூர்ணியா பக்கத்து மக்கள் கோசி வெள்ளத்தைக் காணாமல் பயிர் செய்தார்கள். இந்தப் பலனைக் கணக்கில் சேர்க்காமல் கரைகளை ஏசுபவர்களின் வாதம் அரைகுறையானது.

பலனுக்கு எதிரே செலவுப் பக்கத்தில் நிற்பது உடைப்புகளின் வரிசை. 1963-இல் தல்வா, 1968-இல் ஜமால்பூர், 1984-இல் நவ்ஹட்டா, 1991-இல் ஜோகினியா என்று அது நீள்கிறது. 1968 உடைப்பை விசாரித்தவர்கள் எலியும் நரியும் தோண்டிய வளைகளைக் காரணம் காட்டினார்கள். எலிக்குப் பதில்சொல்லும் கடமை இல்லை என்பதால் அந்த அறிக்கை எல்லோருக்கும் வசதியாக அமைந்தது.

2008-இல் நேர்ந்த உடைப்பைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். நேபாளத்தின் சுன்சரி மாவட்டத்தில், கதவணைக்கு மேலே சுமார் 12 கி.மீ. தொலைவில் இருக்கிறது குசஹா. அங்கே கிழக்குக் கரையிலிருந்து ஆற்றுக்குள் நீட்டிக் கட்டப்பட்டிருந்த கல்திண்டுகள், ஓட்டத்தைக் கரையிலிருந்து விலக்கித் தள்ளுவதற்கானவை. ஆகஸ்ட் முதல் வாரத்திலேயே அவற்றின் அடியை ஆறு அரிக்கத் தொடங்கிவிட்டது. கரை இருப்பது நேபாள மண்ணில், அதைப் பராமரிக்கும் பொறுப்பு பீகார் அரசிடம், செலவு இந்தியாவுடையது என்ற மூவகைப் பிணைப்பில், திண்டு கரைந்துகொண்டிருந்த அந்த நாட்களில் போதிய வேலை நடக்கவில்லை. 18-ஆம் தேதி கரை உடைந்தபோது ஆற்றில் ஓடியது வினாடிக்குச் சுமார் 1.44 லட்சம் கன அடி மட்டுமே. கரை தாங்குவதற்கென வடிவமைக்கப்பட்ட அளவோ 9.5 லட்சம் கன அடி. அதில் ஆறில் ஒரு பங்கைக்கூட எட்டாத நீரிலேயே உடைப்பு நேர்ந்தது. ஓட்டத்தின் பெரும்பகுதி உடைப்பு வழியே வெளியேறி, கோசி பல தலைமுறைகளுக்கு முன் கைவிட்டுப்போன தடங்களில், சுர்சர், மிர்ச்சையா போன்ற தூர்ந்த ஓடைகளின் வழியே தெற்கே பாய்ந்தது. பீகாரில் மட்டும் 30 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் பாதிக்கப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் வெள்ளமே வராது என்ற நம்பிக்கையில் பள்ளத்தில் வீடு கட்டியவர்கள். ஒரு படகுகூட இல்லாத ஊர்கள் அவை.

இதிலிருந்து தெரிவது, கரையின் உயரம் இங்கே பிரச்சினை அன்று என்பது. உள்ளே மணல் ஏற ஏறப் படுகை உயர்ந்து, சில இடங்களில் வெளியிலுள்ள நிலத்தைவிட மேலே நிற்கிறது. ஓட்டம் எந்தத் திசையில் திரும்பிக் கரையின் எந்தப் புள்ளியை முட்டும் என்று முன்கூட்டிச் சொல்ல இயலவில்லை. இந்நிலையில் கரையை மேலும் இரண்டு மீட்டர் உயர்த்துவது, உடையும் நாளில் வெளியே பாயும் நீரின் வேகத்தையே உயர்த்தும்.

பீகாரில் 1952-இல் எல்லா ஆறுகளிலுமாக 160 கி.மீ. கரை இருந்தது, வெள்ள அபாயப் பகுதி 25 லட்சம் ஹெக்டேர். 1994-இல் மாநிலத்தின் இரண்டாவது நீர்ப்பாசன ஆணையம் கணக்கிட்டபோது கரையின் நீளம் 3,000 கி.மீ.யைத் தாண்டியிருந்தது, வெள்ள அபாயப் பகுதியோ 68.8 லட்சம் ஹெக்டேர். கணக்கெடுத்த முறை மாறியதற்கும் இதில் ஒரு பங்கு இருக்கக்கூடும்; எனினும் எவ்வளவு தள்ளுபடி செய்தாலும் இது வெற்றியின் கணக்காகாது.

கரைகளுக்கு நடுவே சிக்கியவர்களைப் பற்றிப் பேசாமல் இந்த வழியின் கணக்கை முடிக்க முடியாது. சுமார் 380 ஊர்கள் இரு கரைகளுக்கும் இடையில் இருக்கின்றன. 2001-இலேயே அங்கு வாழ்ந்தவர்கள் 10 லட்சத்தை நெருங்கினார்கள். கரை கட்டியபோது வெளியே வீட்டுமனை தருவதாகச் சொல்லப்பட்டது, நிலத்துக்கு மாற்று நிலம் தரப்படவில்லை. மனை பெற்றுப் போனவர்களில் பலர், கரையின் கசிவால் அங்கே தண்ணீர் தேங்கி நின்றதைப் பார்த்துவிட்டு, வயல் இருக்கும் இடத்துக்கே திரும்பினார்கள். அவர்களுக்கென்று 1987-இல் கோசி பீடித் விகாஸ் பிராதிகார் என்ற ஆணையம் அமைக்கப்பட்டது; அது பெயரளவில் நின்றுபோயிற்று. மணல் மூடிய நிலத்துக்கும் வரி கேட்கப்படுவதுதான் அங்கே நெடுநாளாகக் கொதிக்கும் குறை. கரை என்ற வழி மணலை வைத்த இடம் இவர்களுடைய வயல்.

இரண்டாவது வழியான பேரணைக்கு வருவோம். சுதந்திரத்துக்குச் சில மாதங்கள் முன், 1947 ஏப்ரலில், நிர்மலியில் பெருங்கூட்டத்தின் முன்னிலையில் பராஹ்க்ஷேத்ரா அணை அறிவிக்கப்பட்டது. சில ஆண்டுகளில் மதிப்பீடு 177 கோடி ரூபாயாக உயர்ந்ததும் அது கிடப்பில் போடப்பட்டது. அந்த வெற்றிடத்தில்தான் செலவு குறைந்த கரைத் திட்டம் உள்ளே வந்தது. பின்னர் 1980-களில் தூசு தட்டப்பட்ட வடிவத்தில் அணையின் உயரம் 269 மீட்டர், மின் உற்பத்தித் திறன் 3,000 மெகாவாட். இந்தியாவின் மிக உயரமான டெஹ்ரி அணையையும் அது தாண்டிவிடும். ஆய்வறிக்கை தயாரிப்பதற்கான இந்திய–நேபாளக் கூட்டு அலுவலகம் 2004-இல் விராட்நகரில் திறக்கப்பட்டு, இருபது ஆண்டுகளாகக் காலக்கெடு நீட்டிக்கப்பட்டு வந்துள்ளது.

தாளில் பார்த்தால் நான்கு வழிகளிலும் கவர்ச்சியானது இதுவே. வெள்ளத்தின் உச்சியைத் தேக்கிக் குறைக்கலாம். கோடையில் நீர் தரலாம். இரு நாடுகளுக்கும் மின்சாரம் கிடைக்கும். மணல் மலைக்குள்ளேயே தங்கிவிடும். கடைசி நன்மைதான் கடைசியில் அணையின் ஆயுளைத் தீர்மானிக்கும் குறையாகவும் மாறுகிறது. மஞ்சள் ஆற்றின் சான்மென்சியா அணை 1960-இல் நீர் தேக்கத் தொடங்கி, வண்டல் படிந்த வேகத்தால் இரண்டே ஆண்டுகளில் இயக்க முறையை மாற்ற நேர்ந்தது. அடியில் புதிய மதகுகள் திறக்க வேண்டியிருந்தது. மேலே வெய் ஆற்றுப் பள்ளத்தாக்கு பலகாலம் அதன் விலையைச் செலுத்தியது. அதே ஆற்றில் பின்னாளில் கட்டிய ஷியோலாங்டி அணையிலிருந்து 2002 முதல் வேகமாக நீர் திறந்து மணலை வெளியேற்றுகிறார்கள், அதனால் கீழ்ப்பகுதியின் படுகை தாழ்ந்தும் இருக்கிறது என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஆனால் அங்கே ஒரே நாடு, ஒரே ஆணையம் மேலணையையும் கீழ்க்கரையையும் இயக்குகிறது. கோசியில் மேலே ஒரு நாடு, கீழே மற்றொன்று.

நிலநடுக்கத்தையும் ஒதுக்கிவைக்க இயலாது. 1934 ஜனவரி 15 அன்று பீகாரையும் நேபாளத்தையும் உலுக்கியது, 1988-இல் உதயபூரை மையமாகக் கொண்டது, 2015-இல் கோர்க்காவில் நிகழ்ந்தது ஆகிய மூன்றும் ஒரே மலைத்தொடரின் நடுக்கங்களே. பனியாற்று ஏரிகள் உடைவது இன்னொரு ஆபத்து. 1985-இல் கும்புப் பகுதியில் டிக் சோ ஏரி உடைந்தபோது, தூத் கோசிப் பள்ளத்தாக்கில் முடியும் தறுவாயில் இருந்த ஒரு சிறு மின்நிலையமே போயிற்று. மேலும், அணைக்குக் கீழே பெய்யும் மழையை அணை பிடிக்காது. சுமார் 74,000 சதுர கி.மீ. நீர்ப்பிடிப்பில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு அதற்குக் கீழே இருக்கிறது. பக்கத்து ஆறுகளான கமலாவும் பாக்மதியும் தனிக் கணக்கு. மூழ்கப்போவது நேபாளத்தின் பள்ளத்தாக்குகள், நனையாமல் தப்பப்போவது பீகாரின் வயல்கள் என்றிருக்கும்போது, காத்மாண்டு தயங்குவதைப் பிடிவாதம் என்று எழுதுவது நியாயமாகாது. மின்சாரத்துக்காக இந்த அணை வேண்டுமா என்பது வேறு விவாதம், அதை அதற்குரிய இடத்தில் நடத்தலாம். அடுத்த இருபது ஆண்டு வெள்ளங்களுக்கான விடையாக இதைக் காட்டுவது, வேறெதையும் செய்யாமல் இருப்பதற்கான சாக்காகவே இதுவரை பயன்பட்டிருக்கிறது.

மூன்றாவது வழி, வெள்ளத்தைப் பிரித்துவிடுவது. முக்கொம்பில் காவிரியின் வெள்ளத்தைக் கொள்ளிடம் வாங்கிக்கொள்வதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. உலகில் இந்த வழியின் பெரிய சோதனைக் களம் அமெரிக்காவின் மிசிசிப்பி ஆறு. அங்கும் 19-ஆம் நூற்றாண்டில் இதே சண்டை நடந்தது. வடிவழிகளும் நீர்த்தேக்கங்களும் வேண்டும் என்று 1852-இல் சார்லஸ் எல்லெட் என்ற பொறியாளர் எழுதினார். 1861-இல் ராணுவப் பொறியாளர்களான ஹம்ப்ரீஸும் ஆபட்டும் சமர்ப்பித்த பெரிய அறிக்கை கரைகளின் பக்கம் சாய்ந்தது. நாளடைவில் கரை மட்டுமே போதும் என்பது ராணுவப் பொறியாளர் படையின் கொள்கையாயிற்று. 1927 ஏப்ரல் 21 அன்று மவுண்ட்ஸ் லேண்டிங்கில் கரை உடைந்தது. அவ்வாண்டு வெள்ளம் சுமார் 70,000 சதுர கி.மீ. நிலத்தை மூடி, ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை வீட்டைவிட்டு விரட்டியது. நியூ ஆர்லியன்ஸைக் காப்பதற்காக அதற்குக் கீழே கேர்னார்வனில் டைனமைட் வைத்துக் கரையைத் தகர்த்தார்கள்; கீழேயிருந்த எளிய மக்களின் ஊர்கள் மூழ்கின. 1928-இல் வந்த சட்டம் கொள்கையையே திருப்பிப்போட்டது.

அதன்படி 1931-இல் முடிந்த போனே காரே வெள்ளப்போக்கி, நியூ ஆர்லியன்ஸுக்கு மேலே ஆற்றிலிருந்து வினாடிக்கு 2.5 லட்சம் கன அடியைப் பிரித்து ஏரிக்கு அனுப்பும். 350 கண்கள், ஒவ்வொன்றையும் மூடியிருப்பவை நிற்க வைத்த மரக்கட்டைகள், தேவைப்படும்போது ஒரு பாரந்தூக்கி தண்டவாளத்தில் நகர்ந்துகொண்டே கட்டைகளை ஒவ்வொன்றாக உருவி எடுக்கும். 1937-இல் முதன்முதலில் திறந்தார்கள். 2019-இல் ஒரே ஆண்டில் இருமுறை திறக்க நேர்ந்தது. ஒவ்வொரு முறையும் உள்ளே படியும் மணலைப் பின்னர் வெட்டி எடுத்து மண்வேலைக்குக் கொண்டுபோகிறார்கள், அதாவது இந்த வழியில் மணலுக்கு ஓர் இடமும் கணக்கும் இருக்கின்றன. குறையும் உண்டு. 2019-இல் கடலோரச் சிப்பிப் படுகைகள் நன்னீரால் அழிந்தன. 2011 மே மாதத்தில் இல்லினாய் மாநிலத்தின் கெய்ரோ நகரைக் காக்க பேர்ட்ஸ் பாயிண்டில் கரையைத் தகர்த்தபோது மிசௌரி விவசாயிகளின் 500 சதுர கி.மீ.க்கு மேற்பட்ட நிலம் மூழ்கியது. ஆனால் அந்த நிலத்தில் வெள்ளம் விடும் உரிமையை அரசு பல பத்தாண்டுகளுக்கு முன்பே விலைகொடுத்து வாங்கியிருந்தது. 1927-க்கும் 2011-க்கும் உள்ள வேறுபாட்டில் பொறியியலைவிட இந்த ஒப்பந்தத்துக்கே பங்கு அதிகம்.

கோசியில் இதைச் செய்ய இயற்கையே தடம் போட்டு வைத்திருக்கிறது. கிழக்கே கைவிடப்பட்ட பழைய ஓடைகளை உள்ளூரில் 'தார்' என்பார்கள். 2008-இல் நீர் தேர்ந்தெடுத்த வழியும் அவையே. கட்டுப்பாட்டோடு பத்தில் ஒரு பங்கு நீரை இவற்றில் மழைக்காலம்தோறும் விட்டால் படுகையின் சுமை குறையும். மணலும் வண்டலும் ஒரே பட்டையில் குவியாமல் அகன்ற நிலத்தில் பரவும். தடை நிலத்தில் இருக்கிறது. மிசிசிப்பியின் வெள்ளப்போக்கிகள் மக்கள் அடர்த்தி குறைந்த இடங்களில் அமைந்தவை. வடக்கு பீகாரின் பல வட்டாரங்களில் சதுர கி.மீ.க்கு ஆயிரம் பேருக்கு மேல் வாழ்கிறார்கள். தூர்ந்த தார்களுக்குள் வயல், சாலை, சந்தை, பள்ளி எல்லாம் வந்துவிட்டன.

2025 மார்ச்சில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்த கோசி–மேச்சி இணைப்பைப் பலர் இந்த வழி என்று நம்புகிறார்கள். 6,282 கோடி ரூபாய் மதிப்புள்ள அத்திட்டம், கிழக்குப் பிரதான கால்வாயை மேச்சி ஆறு வரை நீட்டி, அராரியா, பூர்ணியா, கிஷன்கஞ்ச், கடிஹார் மாவட்டங்களில் 2 லட்சம் ஹெக்டேருக்கு மேல் பாசனம் தர வேண்டும் என்பது. பாசனத் திட்டமாக அது நல்லதாகவே இருக்கலாம். ஆனால் கால்வாயில் கூடுதலாகச் செல்லப்போவது வினாடிக்கு 5,247 கன அடி. 2024-இல் வந்த 6.61 லட்சத்தில் அது நூற்றில் ஒரு பங்குகூட இல்லை. பாசனக் கால்வாய்க்குள் மணலை விடவும் மாட்டார்கள். வெள்ளத் தடுப்பு என்ற தலைப்பின்கீழ் அதை எண்ணுவது கணக்கை ஏமாற்றுவதாகும்.

நான்காவது, வெள்ளத்தோடு வாழும் வழி. மேடையிட்டுக் கட்டிய வீடு, வெள்ள மட்டத்துக்கு மேலே எழுப்பிய கைப்பம்பு, ஊருக்குப் போதிய படகு, நீர் ஏறுவதற்குச் சில மணி நேரம் முன்பே வந்துசேரும் எச்சரிக்கை, தேங்கிய நீரை வடிக்கும் வாய்க்கால் ஆகியவை இதன் உறுப்புகள். செலவு மற்ற மூன்றோடு ஒப்பிடத் தேவையில்லாத அளவு குறைவு. காத்மாண்டின் ஒப்புதல் வேண்டாம். அடுத்த மழைக்கு முன்பே தொடங்கலாம். 2008-க்குப் பின் உலக வங்கிக் கடனில் நடந்த மறுகட்டுமானத்தில், வீட்டுக்காரரிடமே பணத்தைக் கொடுத்து அவர் மேற்பார்வையில் கட்டச்செய்த முறை, ஒப்பந்ததாரர் கட்டித்தரும் வரிசை வீடுகளைவிட இதற்குப் பொருத்தமானது.

இந்த வழியைப் புகழ்பவர்கள் இரண்டு உண்மைகளைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். பழைய கோசி வெள்ளம் மெல்ல ஏறி, படர்ந்து, வண்டலை விட்டு வடிந்தது. கரை உடைந்து வரும் வெள்ளம் சுவரைப்போல் வந்து விழுகிறது, மேடை வீட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அடுத்து, கரைகளுக்கு நடுவே இருப்பவர்களின் முதன்மையான இழப்பு அரிப்பினால் வருவது. ஆறு திரும்பினால் மேடையோடு சேர்த்து நிலமே போய்விடுகிறது. ஆகவே இது தனித்து நிற்கக்கூடிய விடை ஆகாது. வெளியே இருப்பவர்களுக்கு வடிகாலும், உள்ளே இருப்பவர்களுக்கு உண்மையான மாற்று நிலமும் இதில் சேராவிட்டால், வெள்ளத்தோடு வாழ்வது என்பது வெள்ள நிவாரணமாகக் குடும்பத்துக்கு 7,000 ரூபாய் வங்கிக் கணக்கில் போட்டுவிட்டுக் கைகழுவுவதற்கு இன்னொரு பெயராகிவிடும்.

இனி நான்கையும் ஒருசேர வைத்துப் பார்க்கலாம். மணலுக்கு இடம் காட்டுவதில் மூன்றாவது வழி முதலிடம் பெறுகிறது. அணை சில பத்தாண்டுகளுக்கு இடம் தந்து பின்னர் கைவிரிக்கக்கூடியது. நான்காவது வழி மணலைக் கரையின்றிப் படரவிட்டால் ஒழிய அதைத் தொடுவதில்லை. கரை ஆண்டுதோறும் நிலைமையை மோசமாக்குகிறது. காலத்தைப் பொறுத்தவரை வரிசை தலைகீழாகிறது. கரைப் பராமரிப்பும் வடிகாலும் இவ்வாண்டே நடக்கக்கூடியவை. பிரித்துவிடுவதற்கு நில உரிமை, மதகு, ஓடை மீட்பு என்று பத்து, பதினைந்து ஆண்டுகள் வேண்டும். அணைக்கு அதற்கும் மேல். சுமை யார்மீது விழுகிறது என்று பார்த்தால், கரை உள்ளே இருக்கும் 380 ஊர்கள்மீதும், அணை நேபாளத்தின் பள்ளத்தாக்குகள்மீதும், பிரித்துவிடுவது தார்களின் ஓரத்து விவசாயிகள்மீதும் விழுகிறது. இம்மூவரில் முன்கூட்டியே விலை பேசி, ஒப்பந்தம் எழுதி, அதன் பிறகு நீரை விடுவது தார்களின் ஓரத்தில் மட்டுமே நடைமுறைக்கு ஒத்துவரும்.

ஆகவே என் தேர்வு ஒரே வழியாக இல்லாமல் ஒரு வரிசையாகவே இருக்கிறது. இருக்கும் கரைகளை இடிப்பதற்கில்லை, ஏனெனில் அவற்றை நம்பி வெளியே குடியேறிவிட்டார்கள். அவற்றையும் கல்திண்டுகளையும் ஒழுங்காகப் பராமரிக்க வேண்டும். ஆனால் மேலும் உயர்த்துவதையும் புதிதாக நீட்டுவதையும் நிறுத்த வேண்டும். இரு கரைகளுக்கும் இடையிலான படுகை மட்டத்தை ஆண்டுதோறும் அளந்து, ஊர் வாரியாக வெளியிட வேண்டும். அதோடு சேர்த்து வடிகால் வேலைகளையும் உள்ளே இருப்பவர்களின் நில விவகாரத்தையும் எடுத்துக்கொள்ளலாம், இவற்றுக்கு எவருடைய அனுமதிக்கும் காத்திருக்க வேண்டியதில்லை. இந்த வேலைகள் நடக்கும்போதே, கிழக்குத் தார்களில் ஒன்றைத் தேர்ந்து, சிறிய அளவில் வெள்ளம் விட்டுப் பார்ப்பதற்கான ஆய்வைத் தொடங்க வேண்டும். அணையை வெள்ளத் தடுப்புப் பட்டியலிலிருந்து எடுத்து மின்திட்டப் பட்டியலுக்கு மாற்ற வேண்டும்.

படுகை அளவுகள் இரண்டு விதத்தில் என் தேர்வை மாற்றக்கூடும். மணல் கதவணைக்கு மேலேயே பெரும்பாலும் தங்குகிறது என்று தெரியவந்தால், தாழ்ந்த தார்களைத் திறப்பதைவிடக் கதவணைக்கு மேலே நேபாளப் பகுதியில் ஆற்றுக்குக் கூடுதல் அகலம் தருவதே முதல் வேலையாகும். தாரின் சரிவு போதாமல் மணல் அதன் வாயிலேயே அடைத்துக்கொள்ளும் என்று சோதனையில் தெரிந்தால், மூன்றாவது வழி வெறும் நீர் பிரிப்பாகச் சுருங்கிவிடும். அப்போது நான்காவது வழியின் எடை கூடும்.

மூன்றாவது வழிக்கு இப்போதுள்ள அவசரம் சாலை வேலைகளில் இருக்கிறது. 2012-இல் திறக்கப்பட்ட கோசிச் சாலைப் பாலத்துக்காகப் பல கி.மீ. அகலத்தில் அலைந்த ஆறு சுமார் 2 கி.மீ.க்குள் ஒடுக்கப்பட்டது, கிழக்கே சுபௌலிலும் மதேபுராவிலும் புதிய சாலைகள் தார்களைக் குறுக்கே கடந்துகொண்டிருக்கின்றன. ஒவ்வொரு கடப்பிலும் இரண்டு கண் குழாய்ப் பாலமா, தாரின் பழைய அகலத்துக்கு ஈடான பாலமா என்பதைச் சாலை வரைபடம் தீர்மானிக்கிறது. அந்த வரைபடங்களை நீர்வளத் துறையின் பார்வைக்கு அனுப்பி ஒப்புதல் பெற்ற பிறகே ஒப்பந்தப் புள்ளி கோர வேண்டும் என்ற ஓர் ஆணை இல்லாவிட்டால், ஆய்வு முடிந்து தாரைத் திறக்க முடிவெடுக்கும் ஆண்டில் திறப்பதற்குத் தார் இருக்காது.